இரண்டு நிமிட இருட்டைத் தேடி: சோலூர் முதல் பேக்கல் வரை

டிசம்பர் 11, இரவு, ஊட்டி

மத்தியானம் அவிநாசியில் பஸ் ஏறி, மேட்டுப்பாளையத்தில் மாறி, ஊட்டி வந்து சேரும்போது இருட்டிவிட்டது. கூட வந்திருப்பவள் அண்ணன் மகள், எங்களுக்குப் பாப்பா. ஏழாம் வகுப்பு. ஸ்வெட்டர் மேல் ஸ்வெட்டராகப் போட்டுக்கொண்டு கம்பளிக்குள் உட்கார்ந்திருக்கிறாள்.

ஊட்டிக்கு வந்தவர்கள் நாளைக் காலை பூங்காவுக்கும் ஏரிக்கும் போவார்கள். நாங்கள் சோலூர் போகிறோம். 1871 டிசம்பர் 12 காலையில் ஒரு முழுச் சூரிய கிரகணத்தின் நிழல் மேற்குக் கடற்கரையில் ஏறி, வயநாட்டைக் கடந்து, நீலகிரியில் தவழ்ந்து, நான் இப்போது பாடம் நடத்தும் அவிநாசியைத் தொட்டு, புதுக்கோட்டை வழியாக யாழ்ப்பாணம் போயிற்று. அந்த நிழலுக்காக ஐரோப்பாவிலிருந்தும் சென்னையிலிருந்தும் வந்தவர்கள் வழி நெடுக முகாம் போட்டார்கள். அவிநாசியில் சென்னை வானாய்வகத்தின் போக்சன், தொட்டபெட்டாவில் கர்னல் டெனன்ட், பேக்கல் கோட்டையில் இங்கிலாந்தின் நார்மன் லாக்கியர். சோலூரில் தனியாக ஒரு பிரெஞ்சுக்காரர், ஜூல்ஸ் ஜான்சென். நிழல் வந்த வழியை எதிர்த்திசையில், மலையிலிருந்து கடல் வரை, ஐந்து நாளில் போய்ப் பார்ப்பது என்பது என் பல வருஷத்து ஆசை.

ஜான்சென்தான் இதில் என் ஆள். 1824 பிப்ரவரி 22 அன்று பாரிசில் பிறந்தவர். குழந்தையாக இருந்தபோது ஏற்பட்ட விபத்தில் ஒரு கால் ஊனமாகிவிட்டது. அதனால் பள்ளிக்கூடத்துக்கே போகவில்லை. குடும்பம் நொடித்துப்போனதால் சின்ன வயதிலேயே வங்கி வேலை. வேலை பார்த்துக்கொண்டே படித்து, பட்டம் வாங்கும்போது வயது இருபத்தெட்டு. ஐந்து வருஷம் கழித்து, பூமியின் காந்த நடுக்கோட்டைத் தேடிப் பெரு நாட்டுக்குப் போய், நோயில் விழுந்து திரும்பினார். அதற்குப் பிறகும் வீட்டில் உட்காரவில்லை.

"கால் வலிக்காதா அத்தை அவருக்கு?" என்று கேட்டாள். வலித்திருக்கும் என்றேன்.

டிசம்பர் 12, சோலூர்

காலை ஐந்தரைக்கு எழுந்து கிளம்பினோம். வழியெல்லாம் புல்மேல் உறைபனி, உப்பைத் தூவிவிட்டது மாதிரி. கேரட் தோட்டங்களில் அந்நேரத்துக்கே ஆட்கள் குனிந்திருந்தார்கள். சோலூரில் இறங்கியதும் கிழக்கே மலைவிளிம்பில் வெளிச்சம் வழிந்துகொண்டிருந்தது. 1871இல் கிரகணம் பிடித்ததும் காலை நேரம்தான். சூரியன் மலைக்குமேல் அதிகம் ஏறியிருக்காது.

ஜான்சென் எந்த மேட்டில் கருவியை நிறுத்தினார் என்று மூன்று பேரிடம் விசாரித்தோம். யாருக்கும் தெரியவில்லை. தலையில் வெள்ளை முண்டு கட்டிய படுகர் அம்மா ஒருவர், "சூரியனப் பாக்கவா இவ்ளோ தூரம் வந்தாரு அவரு? எங்கூட்டு வாசல்லயே தெரியுமே" என்று சிரித்துக்கொண்டே எங்களைத் தன் வாசலில் உட்காரவைத்து, கருப்பட்டி போட்ட காப்பி கொடுத்தார். தொண்டையில் இறங்குவது தெரிகிற சூடு. அந்த வாசலிலிருந்து பார்த்தால் தென்கிழக்கு முழுக்கத் திறந்து கிடக்கிறது. அவர் சொன்னது சரி. டிசம்பர் காலையில் சூரியனைப் பார்க்க இதைவிட நல்ல இடம் வேண்டாம்.

சோலூருக்கு அவர் ஏன் வந்தார் என்று சொல்ல வேண்டுமானால் குண்டூருக்குப் போக வேண்டும். 1868 ஆகஸ்ட் 18. ஆந்திரத்துக் குண்டூரில் ஐந்து நிமிடத்துக்கு மேல் முழு இருட்டு. நிலா மறைத்த சூரியனின் ஓரத்தில் செந்தீக் கொழுந்துகள் நீட்டிக்கொண்டிருந்தன. அவை என்ன பொருள் என்று அதுவரை யாருக்கும் நிச்சயம் இல்லை. ஒளியை நிறம் நிறமாகப் பிரித்துக் காட்டும் நிறமாலைமானியை ஜான்சென் திருப்பினார். தொடர்ச்சியான வானவில் தெரியவில்லை. தனித்தனியாகப் பளிச்சென்ற கோடுகள் தெரிந்தன. அப்படியானால் அது சூடேறி ஒளிரும் வாயு, முக்கியமாக ஹைட்ரஜன். அன்றைக்கு நம் பக்கத்திலிருந்து அதைப் பார்த்தவர் பலர். மசூலிப்பட்டினத்தில் போக்சன். வனபர்த்தியில், சென்னை வானாய்வகத்தின் முதல் உதவியாளராக இருந்த சிந்தாமணி ரகுநாதாச்சாரி. ஒரு வருஷம் முன்பு, ஒளி கூடிக் குறையும் மாறொளிர் விண்மீன் ஒன்றைக் கண்டுபிடித்தவர். இவரைப் பற்றி நம் பாடப் புத்தகங்களில் ஒரு பத்தியாவது இருக்க வேண்டும் என்று நான் நினைக்காத நாள் இல்லை.

கிரகணம் முடிந்ததும் மற்றவர்கள் கருவியைக் கட்டத் தொடங்கினார்கள். ஜான்சென் கட்டவில்லை. அந்தக் கோடுகள் இவ்வளவு பளிச்சென்று இருக்கின்றனவே, இவற்றைப் பார்க்கக் கிரகணம் எதற்கு என்று அந்த இருட்டிலேயே அவருக்குத் தோன்றிவிட்டது. மறுநாள் ஆகஸ்ட் 19, முழு வெயிலில், சூரியனின் விளிம்பில், கருவியில் ஒளி நுழையும் மெல்லிய பிளவை வைத்தார். கோடுகள் தெரிந்தன! நேற்றைக்கு இருந்த கொழுந்து இன்றைக்கு இல்லை, வேறிடத்தில் வேறொன்று. அதற்கப்புறம் நாள் தவறாமல் பார்த்தார். அந்தச் சில நாள்கள் அவருக்கு முடிவே இல்லாத கிரகணம்.

இது எப்படி என்று பாப்பாவுக்கு ரசத்தை வைத்துச் சொன்னேன். ரசத்தில் தண்ணீர் ஊற்ற ஊற்ற ரசம் நீர்த்துக்கொண்டே போகும். அதில் கிடக்கும் மிளகு நீர்க்காது. வானத்து வெளிச்சம் எல்லா நிறமும் கலந்தது; பட்டகத்தில் விரிக்க விரிக்க மங்கும். தீக்கொழுந்தின் வெளிச்சமோ இரண்டு மூன்று நிறத்திலேயே ஒடுங்கி நிற்பது. எவ்வளவு விரித்தாலும் அந்தக் கோடு கோடாகவே இருக்கும்.

கிரகணமே வேண்டாம் என்று செய்துகாட்டியவர் மூன்று வருஷம் கழித்து இன்னொரு கிரகணத்துக்காக ஏன் கடல் தாண்டி இந்த மலைக்கு வந்தார்? கொழுந்துகள் பகலில் சிக்கின. அவற்றுக்கு வெளியே முத்து நிறத்தில் பரந்து கிடக்கும் ஒளிவட்டம், கொரோனா, சிக்கவில்லை. அது ரசம்தான், மிளகு இல்லை. சூரிய முகத்தின் ஒளியில் ஏறக்குறைய பத்து லட்சத்தில் ஒரு பங்கு. நீலவானத்தின் பிரகாசத்திலேயே அது மூழ்கிவிடும். உயரமான இடம், தெளிந்த காற்று, மறைக்க நிலா, மூன்றும் வேண்டும். சோலூரில் மூன்றும் கிடைத்தன. சுமார் இரண்டு நிமிடம்.

அந்த இரண்டு நிமிடத்தில், அகன்ற கண்ணாடியால் ஒளியை அள்ளிச் சேர்க்கும் தொலைநோக்கியில், கொரோனாவின் நிறமாலையில் கறுப்புக் கோடுகளைப் பார்த்தார். சூரியனின் சொந்த ஒளியில் இருக்கும் அதே கறுப்புக் கோடுகள். அப்படியென்றால் கொரோனாவின் ஒளியில் ஒரு பங்கு, எதன் மீதோ பட்டுத் திரும்பும் சூரிய ஒளி. சூரியனைச் சுற்றி வெகுதூரம் வரை பொருள் பரவிக் கிடக்கிறது. கோள்களுக்கிடையே மிதக்கும் தூசு அது என்று இன்று தெரியும். இருட்டான ஊரில் அந்தி மயங்கியபின் மேற்கே கூம்பு மாதிரி மங்கலாகத் தெரிகிறதே ஓர் ஒளி, அதுவும் இதே தூசுதான். இந்த மலைவிளிம்பில் பார்த்தது நிலைத்துவிட்டது.

காப்பிக்குக் காசு கொடுத்தால் அந்த அம்மா வாங்கவில்லை. ஒரு பை நிறையக் கேரட் வேறு கொடுத்து அனுப்பினார்.

டிசம்பர் 13, பந்தலூர்

நடுவட்டம் வழியாகக் கூடலூர். வளைவுக்கு வளைவு பாப்பாவுக்குக் குமட்டல், எலுமிச்சம்பழம் கையிலேயே இருந்தது. நாடுகாணியில் ஒரு சாலை கீழே மலப்புறத்துக்கு இறங்குகிறது, இன்னொன்று தேவாலா, பந்தலூர், சேரம்பாடி என்று தேயிலைக்குள் போய் வயநாட்டில் நுழைகிறது. நான் பிறந்து வளர்ந்தது இந்த இரண்டாவது சாலையில். 1964 ஒப்பந்தத்துக்குப் பிறகு இலங்கையிலிருந்து வந்து அரசுத் தேயிலைத் தோட்டத்தில் குடியேறிய குடும்பம் எங்களுடையது. இங்கே ஒரே டீக்கடை பெஞ்சில் தமிழும் மலையாளமும் சேர்ந்து உட்கார்ந்திருக்கும்.

இன்று சாயங்காலம் அந்த டீக்கடையில் ஒரு வேலை செய்தோம். ஊரிலிருந்து கொண்டுவந்த அட்டைப்பெட்டி நிறமாலைமானி. பழைய செருப்புப் பெட்டி, ஒரு பக்கம் இரண்டு பிளேடை நெருக்கி ஒட்டிய பிளவு, மறுபக்கம் சாய்த்துவைத்த சிடி, மேலே கண் வைக்க ஓர் ஓட்டை. பிளவை விளக்குப் பக்கம் காட்டிக் கண் வைத்தால் சிடியில் நிறங்கள் விரியும். செலவு என்று பார்த்தால் பிளேடுக்கு மட்டும்தான்.

கடைக்காரர் எனக்குச் சின்ன வயதிலிருந்து பழக்கம். "அண்ணே, அடுப்புல ஒரு சிட்டிகை உப்புப் போடட்டுமா?" என்றேன். "போடும்மா, கண்ணு திருஷ்டி கழியட்டும்" என்றார். கேஸ் அடுப்பின் நீலத் தீயில் உப்பு விழுந்ததும் தீ மஞ்சளாகச் சீறியது. பாப்பா பெட்டியில் கண் வைத்திருந்தாள். "அத்தை, மஞ்சள்ல மட்டும் ஒரு கோடு! மத்ததெல்லாம் மங்கலா இருக்கு!" பெஞ்சில் இருந்த எல்லோரும் வரிசையில் வந்துவிட்டார்கள். கொழுந்து பறித்துவிட்டுக் கூடையோடு வந்த அக்கா ஒருவர் இரண்டு தடவை பார்த்தார். கடைக்காரர் தானே உப்பை அள்ளி அள்ளிப் போட்டார்.

அந்த மஞ்சள் உப்பிலிருக்கும் சோடியம். நிஜமான கருவியில் அது ஒரு கோடு அல்ல, ஒட்டிப் பிறந்த இரண்டு: 589.0, 589.6 நானோமீட்டர். எங்கள் செருப்புப் பெட்டிக்கு அவ்வளவு நுணுக்கம் போதாது. 1868இல் சூரியனின் கொழுந்துகளிலும் ஒரு மஞ்சள் கோடு தெரிந்தது. பார்த்தவர்கள் முதலில் சோடியம் என்றே நினைத்தார்கள். அளந்து பார்த்தால் கொஞ்சம் தள்ளி 587.6இல் இருந்தது. இவ்வளவு சின்ன விலகல்தான். பூமியில் தெரிந்த எந்தப் பொருளும் அந்த இடத்தில் கோடு போடவில்லை.

ஜான்சென் குண்டூரில் ஹீலியத்தைக் கண்டுபிடித்தார் என்று நிறையப் பேர் ஒற்றை வரியில் எழுதிவிடுகிறார்கள். அதில் எனக்கு உடன்பாடு இல்லை. குண்டூரிலிருந்து அவர் அனுப்பிய செய்தியின் உயிர் ஹைட்ரஜனும், பகலிலேயே பார்க்கும் முறையும்தான். மஞ்சள் கோட்டை விடாமல் பிடித்துக்கொண்டவர் லாக்கியர். இவரும் பள்ளிப்படிப்போடு லண்டனில் போர்த்துறை அலுவலகத்தில் குமாஸ்தாவாக இருந்து, வீட்டில் தொலைநோக்கி வைத்துக்கொண்டு வானத்தைப் பார்த்தவர். அதே 1868 அக்டோபர் 20 அன்று, ஜான்செனைப் பற்றி எதுவும் தெரியாமலே, இங்கிலாந்தில் கிரகணம் இல்லாமல் கொழுந்துகளைப் பார்த்தார். குண்டூரிலிருந்து கப்பலில் போன கடிதமும் லண்டனிலிருந்து போன தகவலும் பாரிசில் அறிவியல் அகாடமியின் ஒரே கூட்டத்தில் வாசிக்கப்பட்டன. யார் முந்தி என்று அடித்துக்கொண்டிருக்கலாம். அப்படி நடக்கவில்லை. இரண்டு பேர் முகத்தையும் சேர்த்துப் பொறித்துப் பிரெஞ்சு அரசு பதக்கம் வெளியிட்டது. இருவரும் கடைசிவரை நண்பர்கள்.

சூரியனுக்குக் கிரேக்கத்தில் ஹீலியோஸ். அந்தக் கோட்டைப் போட்ட தெரியாத பொருளுக்கு அதிலிருந்து ஹீலியம் என்று பெயர். வேதியியலாளர் பலர் இருபத்தைந்து வருஷத்துக்கு மேல் நம்பவே இல்லை. 1895இல் வில்லியம் ராம்சே யுரேனியம் கலந்த ஒரு கனிமத்திலிருந்து கிளம்பிய வாயுவில் அதே கோட்டைப் பார்த்தபோது ஜான்செனுக்கு எழுபத்தொரு வயது.

டிசம்பர் 14, மானந்தவாடி

சேரம்பாடி தாண்டிச் சோலாடியில் எல்லை. பேருந்துப் பலகையில் எழுத்து மாறுகிறது, இருபுறமும் தேயிலை மாறுவதில்லை. கல்பெட்டாவில் இறங்கி மதியச் சாப்பாடு. 1871இல் லாக்கியரின் ஆட்களில் ஒரு பிரிவு மானந்தவாடியில் முகாமிட்டது. ஊர் இன்றைக்குச் சந்தை நெரிசலில் இருக்கிறது. சொல்ல அதிகம் இல்லை.

ஆனால் இந்த வயநாடு எனக்கு ஒரு கடன் பாக்கி வைத்திருக்கிறது. 2019 டிசம்பர் 26 அன்று வளையச் சூரிய கிரகணம், கிட்டத்தட்ட 1871இன் அதே வழி: காசர்கோடு, வயநாடு, ஊட்டி, கோவை, திண்டுக்கல், புதுக்கோட்டை, யாழ்ப்பாணம். என் வகுப்புப் பிள்ளைகள் பதினொரு பேரைக் கூட்டிக்கொண்டு கல்பெட்டா பக்கம் ஒரு மேட்டில் விடியற்காலையிலிருந்து நின்றேன். எல்லோர் கையிலும் கிரகணக் கண்ணாடி. ஒன்பதரை மணி சுமாருக்கு வளையம் வரவேண்டும். மேகம் விலகவே இல்லை. வெளிச்சம் குறைந்தது, காற்று குளிர்ந்தது, காக்கைகள் கத்தின, அவ்வளவுதான். பிள்ளைகள் ஒரு வார்த்தை குறை சொல்லவில்லை. அதுதான் எனக்குத் தாங்கவில்லை. பஸ்ஸில் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டு அழுதேன்.

அன்றைக்கு இரவு ஜான்செனின் 1870ஐப் படித்துத்தான் தேறினேன். பாரிசைப் பிரஷ்யப் படை சுற்றி வளைத்திருந்தது. டிசம்பர் 22 அன்று அல்ஜீரியாவின் ஓரானில் முழு கிரகணம். வெளியே போகத் தரைவழி இல்லை. டிசம்பர் 2 அன்று விடிவதற்கு முன், கருவிகளைப் பெட்டியில் போட்டுப் பலூன் கூடையில் ஏற்றி, தானும் ஏறி, எதிரிப் படைக்கு மேலாகப் பறந்து, மேற்கே அட்லாண்டிக் கரைக்குப் பக்கத்தில் இறங்கினார். அங்கிருந்து கப்பலில் ஓரான். கிரகண நேரத்தில் ஓரானில் மேகம். ஒன்றும் பார்க்கவில்லை.

அதற்கு அடுத்த டிசம்பர்தான் சோலூர்.

டிசம்பர் 15, பேக்கல்

பால்சுரம் மலைப்பாதையில் இறங்கி, இரிட்டி, தளிப்பறம்பு, பய்யன்னூர். செறுவத்தூர் வந்ததும் பாப்பாவை எழுப்பிக் காட்டினேன். 2019இல் வளையத்தைப் பார்க்க ஏராளமானோர் கூடிய ஊர். மத்தியானம் மூன்று மணிக்குப் பேக்கல்.

கோட்டை நினைத்ததைவிடப் பெரிது. கேரளத்துக் கோட்டைகளிலேயே பெரியது இதுதான். செம்பாறைச் சுவர், மூன்று பக்கம் கடல். வாசலில் கடலை வறுக்கும் அம்மா நாங்கள் பேசுவதைக் கேட்டுவிட்டு, "எந்த ஊரும்மா?" என்றார். அவர் சேலம் பக்கம். பொட்டலத்தில் ஒரு கை கூடவே போட்டார்.

லாக்கியர் இங்கே நிலைகொண்டு பார்த்தார். அவர் பிளவே இல்லாத பட்டகக் கருவியையும் பயன்படுத்தினார். பிளவு இருந்தால் ஒவ்வொரு நிறமும் ஒரு கோடாக விழும். பிளவு இல்லாவிட்டால் ஒவ்வொரு நிறமும் கொரோனாவின் வடிவிலேயே விழும். அவருக்கு நான்கு வளையம் தெரிந்தது. மூன்று ஹைட்ரஜனுடையவை. நான்காவது பச்சை.

அந்தப் பச்சையை 1869இல் அமெரிக்காவில் முதலில் பார்த்திருந்தார்கள். ஹீலியம் மாதிரியே இதுவும் புதுத் தனிமம் என்று நம்பிக் கொரோனியம் என்று பெயரும் வைத்தார்கள். அப்படி ஒன்று இல்லவே இல்லை. 1940களின் தொடக்கத்தில் சுவீடனின் பெங்ட் எட்லேன் விடை சொன்னார்: அது நம் வீட்டு அரிவாள்மணை இரும்பு. இருபத்தாறு எலெக்ட்ரானில் பதின்மூன்றை இழந்த இரும்பு. அவ்வளவு இழக்க வெப்பம் பத்து லட்சம் டிகிரிக்கு மேல் இருக்க வேண்டும். சூரியனின் மேற்பரப்போ ஆறாயிரம் டிகிரிக்கும் குறைவு. அடுப்பை விட்டு விலக விலகச் சூடு ஏறுவது எப்படி? இது இன்னும் முழுதாக அவிழாத முடிச்சு.

நிலாவுக்குக் காத்திருக்காமல் கொரோனாவைப் பார்க்க 1930 வாக்கில் வழி செய்தவர் பெர்னார் லியோ. கருவிக்குள்ளேயே ஒரு தட்டை வைத்துச் சூரியனை மறைத்தார். அவர் வேலை பார்த்த, பாரிசுக்குப் பக்கத்து மூதோன் வானாய்வகம், 1870களில் ஜான்சென் தொடங்கி, சாகும்வரை நடத்தியது. இப்போது அதே மாதிரித் தட்டு ஒன்று பூமியிலிருந்து பதினைந்து லட்சம் கிலோமீட்டரில் இருக்கிறது. 2023 செப்டம்பர் 2 அன்று ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து கிளம்பிய சூரிய ஆய்வுக் கலம், ஆதித்யா எல்1. அது கிளம்பியபோது அதன் திட்ட இயக்குநராக இருந்த நிகார் ஷாஜி, கேரள எல்லையோரச் செங்கோட்டைக்காரர். அதிலுள்ள கொரோனா கருவி பார்க்கும் கோடுகளில் ஒன்று 530.3 நானோமீட்டர். இந்தக் கோட்டையில் லாக்கியர் வளையமாகப் பார்த்த அதே பச்சை. பாப்பா அந்த எண்ணை நோட்டில் எழுதிச் சுற்றி ஒரு வட்டம் போட்டாள்.

நடுவில் உள்ள காவல் மேடைக்கு அகலமான சரிவுப் பாதை. நாங்கள் ஏறும்போது கீழே ஒரு குடும்பம் தயங்கி நின்றது, தமிழ்தான் பேசிக்கொண்டிருந்தார்கள். வயதான ஐயாவுக்கு நடக்க முடியவில்லை. "நான் கீழயே இருக்கேன், நீங்க போய்ட்டு வாங்க" என்றார் அவர். பேரன் ஓடிப்போய்க் கடலைக்கார அம்மாவிடம் பிளாஸ்டிக் நாற்காலி கேட்டு வாங்கி வந்தான். அதில் அவரை உட்காரவைத்து மூன்று பேர் பிடித்தார்கள். நாலாவது கால் பக்கம் ஆள் இல்லை. நான் பிடித்தேன்.

ஆல்ப்ஸ் மலையின் மோன் பிளான் சிகரத்தில் வானாய்வகம் கட்ட ஜான்சென் முனைந்தபோது அவருக்கு அறுபத்தைந்து வயதுக்கு மேல். நடந்து ஏற முடியாது. ஏணி மாதிரி ஒரு சட்டம் செய்து, நடுவில் அவரை உட்காரவைத்து, கூலியாட்கள் பனியில் தூக்கிக்கொண்டு போனார்கள். 1893இல் அறுபத்தொன்பது வயதில் கயிறும் உருளையும் வைத்து இழுத்து உச்சிக்குக் கொண்டுபோனார்கள். சூரிய ஒளியில் தெரியும் ஆக்சிஜன் கோடுகள் சூரியனுடையவையா, நடுவிலிருக்கும் நம் காற்றுடையவையா என்று அவருக்குத் தெரியவேண்டி இருந்தது. மேலே ஏற ஏறக் கோடு மெலிந்தால் அது நம் காற்றுடையது. மெலிந்தது. 1907 டிசம்பர் 23 அன்று மூதோனில் இறந்தார்.

"மெதுவா, மெதுவா" என்று ஐயா சொல்லிக்கொண்டே வந்தார். பாதிச் சரிவில் ஒரு தடவை இறக்கி வைத்துக் கை மாற்றினோம். மேலே காற்று பலமாக இருந்தது. சூரியன் கடலுக்கு இரண்டு சாண் மேலே நின்றது. ஐயா தோள்துண்டை எடுத்துத் தலையில் கட்டிக்கொண்டார். பாப்பா பையிலிருந்து 2019இன் கிரகணக் கண்ணாடியை எடுத்துக் கீறல் எதுவும் இல்லையே என்று வெளிச்சத்தில் பார்த்துவிட்டு, "தாத்தா, சும்மா பாக்காதீங்க, கண்ணு கூசும், இத வெச்சுப் பாருங்க" என்று அவர் கையில் கொடுத்தாள்.

அவர் வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார். "கறுப்பா ஒரு புள்ளி இருக்கேம்மா ஓரத்துல" என்றார். நான் வாங்கிப் பார்த்தேன். இருந்தது. நல்ல பெரிய சூரியப்புள்ளி, இடது ஓரத்தில்.